எந்தப் பள்ளிக்கு அனுப்புவது?

சென்ற ஞாயிறன்று மாலை, மழை சற்றே ஓய்ந்திருந்த வேளையில், ஹட்டனுக்கு அண்மையிலே நாம் பிறந்து வளர்ந்த தோட்டத்திலிருந்து கணவனும் மனைவியுமாக இருவர் நம் இல்லம் தேடி வந்தனர். நாம் ஆசிரியத் தொழிலுக்குப் புதிதாக வந்த காலத்தில் நம்மிடம் கணிதம் படித்தவர் அக்கணவர். சாதாரண தரப் பரீட்சையோடு அவருடைய படிப்பு நின்றுவிட்டது. இப்போது கவ்வாத்து வேலை. மனைவி கொழுந்து பறிப்பவர். தேநீர் அருந்தச் செய்து, குடும்ப நலம் விசாரித்த பின், வந்த காரியம் யாதென்று வினவினோம்.

அவர் தம் சட்டைப் பையில் மடித்து வைத்திருந்த வண்ணத் துண்டுப் பிரசுரம் ஒன்றை எடுத்து நீட்டினார். பட்டணத்தில் நடைபெறும் ஆங்கில மொழிப் பள்ளி ஒன்றின் விளம்பரம் அது. கழுத்துப்பட்டி அணிந்த குழந்தையொன்று அதிற் சிரித்துக்கொண்டிருந்தது.

“மகளுக்கு ஜனவரியில ஒண்ணாம் வகுப்பு, சேர். தோட்டத்து ஸ்கூல்லயே விடவா, டவுனுக்கு அனுப்பவா? நீங்கதான் சொல்லணும்,” என்றார்.

செலவுக்கு வழி யாது என்று கேட்டோம். அதற்கு மனைவியே விடை கூறினார். அவருடைய சங்கிலியை அடகு வைத்தாற் சேர்க்கைப் பணத்தைக் கட்டிவிடலாமாம். பிடித்துவரும் சீட்டை நிறுத்திவிட்டால் மாதக் கட்டணத்தையும் வேன் கூலியையும் ஒருவாறு சமாளிக்கலாமாம். தோட்டத் தொழிலாளரின் நாட்சம்பளம் ஆயிரம் ரூபாயை எட்டியதே 2021 ஆம் ஆண்டிலேதான். 2024 இல் அது 1,350 ரூபாயாக உயர்ந்தது. கொழுந்தின் நிறை குறைந்த நாளில் அரைப் பேர் விழுவதும் உண்டு. இத்தகைய வருவாயில் ஒரு குழந்தையின் பள்ளிச் செலவு எத்துணைப் பாரம் என்பதை நாம் விரித்துரைக்க வேண்டுவதில்லை.

ஆகவே தோட்டத்துப் பள்ளியின் நன்மைகளை எடுத்துரைக்கத் தொடங்கினோம். நடந்து செல்லும் தூரம், தாய்மொழிக் கல்வி, கட்டணம் இல்லை, பாடநூலும் சீருடைத் துணியும் அரசாங்கமே வழங்குகிறது என்றெல்லாம் அடுக்கினோம். அம்மையார் யாவற்றையும் பொறுமையோடு கேட்டுவிட்டு, மெல்லிய குரலில் ஒன்று கேட்டார்:

“உங்க புள்ளைங்க எங்க படிக்கிறாங்க, சேர்?”

நமக்கு நா எழவில்லை. நம் மக்கள் இருவரும் பட்டணத்துப் பெரிய பள்ளியிற் படிக்கின்றனர். நாம் படித்த தோட்டப் பள்ளியின் வாயிலைக் கடந்துதான் அவர்களுடைய வேன் நாள்தோறும் போகிறது. ஒரு வாரத்தில் விடை கூறுவதாகச் சொல்லி அவ்விருவரையும் அனுப்பிவைத்தோம். அந்த விடையைத் தேடும் முயற்சியே இவ்வாரப் பத்தி.

கல்வியையும் வணிகத்தையும் பற்றி இன்று பேசுவோர், வணிகம் நேற்றுத்தான் கல்விக்குள் நுழைந்தது போலப் பேசுகின்றனர். மலையகத்தைப் பொறுத்தமட்டில் அது பிழை. இங்கே முன்னமே பள்ளி நடத்தியது வணிகந்தான். 1905 ஆம் ஆண்டில் ஹேர்பேட் வேஸ் என்பாரின் தலைமையில் அமைந்த குழுவொன்று கிராமப்புறக் கல்வியை ஆராய்ந்தது. அதன் பின்னர் 1907 இல் கிராமியப் பாடசாலைகள் சட்டம் பிறந்தது. ஆறு வயது முதல் பத்து வயது வரையுள்ள தொழிலாளர் பிள்ளைகளுக்குத் தாய்மொழியிற் கல்வி அளிப்பதும், அதற்கென ஓர் இடத்தை ஒதுக்கிப் பேணுவதும் தோட்டத்துரையின் கடமை என்று அச்சட்டம் விதித்தது.

படித்துப் பார்த்தால் நல்ல சட்டமாகவே தோன்றும். ஆயினும், யார் கையில் அக்கடமை ஒப்படைக்கப்பட்டது என்பதை எண்ணிப் பாருங்கள். தோட்டத்துக்கு வேண்டியவை கைகள். படித்த பிள்ளை மலைக்கு வரமாட்டான் என்ற அச்சம் துரைமார் பலரிடம் இருந்தது. எனவே சட்டத்துக்குப் போதுமான பள்ளியே நடந்தது. லயத்துக் காம்பரா ஒன்றோ, பிரட்டுக் களத்துக் கொட்டிலோ பள்ளிக்கூடமாயிற்று. ஆசிரியர் ஒருவரே எல்லா வகுப்புக்கும் ஆசான். பத்து வயதோடு சட்டத்தின் கடமை முடிந்தது. அதன்பின் கூடையோ முள்ளோ பிள்ளையின் கைக்கு வந்தது. துரைமார் எல்லோரும் கொடியவர் என்று நாம் கூறவில்லை. பிள்ளையின் படிப்புக்கும் கம்பனியின் இலாபத்துக்கும் இடையே ஒன்றைத் தெரிந்தெடுக்க வேண்டிய நாளில், இலாபத்துக்குப் பொறுப்பான ஒருவர் எதைத் தெரிந்தெடுப்பார் என்பதே கேள்வி. அதற்கான விடையை மூன்று தலைமுறைகள் தம் வாழ்விற் கண்டன.

1945 ஆம் ஆண்டு அக்டோபர் முதலாந் திகதி இலங்கையில் இலவசக் கல்வி நடைமுறைக்கு வந்தது. கன்னங்கரா அவர்களின் பெயரை நாடு நன்றியோடு நினைக்கிறது. ஆயினும் தோட்டத்துப் பிள்ளை அந்த நன்மையைப் பெரிதும் அடையவில்லை. 1948 ஆம் ஆண்டுப் பிரசாவுரிமைச் சட்டத்தால் மலையக மக்களிற் பெரும்பாலார் குடியுரிமை இழந்தனர். அடுத்து வாக்குரிமையும் போயிற்று. 1960, 1961 ஆம் ஆண்டுகளில் உதவி பெறும் பாடசாலைகளை அரசாங்கம் பொறுப்பேற்றபோது, தோட்டப் பாடசாலைகள் அத்திட்டத்துக்குப் புறத்தே விடப்பட்டன. வாக்கில்லாத மக்களின் பள்ளியைப் பற்றிக் கவலைப்பட எந்த மந்திரிக்கும் அவசரம் இருக்கவில்லை.

தோட்டங்கள் 1972, 1975 ஆம் ஆண்டுகளில் அரசுடைமையாயின. தோட்டப் பாடசாலைகளை அரசாங்கம் பொறுப்பேற்பது 1977 இல் தொடங்கி, பின்வந்த ஆண்டுகளிற் படிப்படியாக நடந்தது. அதே 1977 ஆம் ஆண்டுப் பொதுத் தேர்தலில் தொண்டமான் அவர்கள் நுவரெலியா–மஸ்கெலியாத் தொகுதியிலிருந்து பாராளுமன்றம் சென்றார் என்பதும் நினைவிற் கொள்ளத்தக்கது. வாக்கு திரும்பி வர, பள்ளியும் பின்னால் வந்தது. 1980களின் நடுப்பகுதியிலிருந்து சுவீடன் நாட்டு அரசாங்கத்தின் உதவியிற் புதிய கட்டடங்கள் எழுந்தன. 1990களின் தொடக்கத்தில், ஜேர்மனியின் உதவியோடு, பத்தனையில் ஸ்ரீபாத கல்வியியற் கல்லூரி உருவாயிற்று. தோட்டத்து இளைஞர் ஆசிரியராயினர். அவர்களிடம் படித்தோரில் வைத்தியரும் சட்டத்தரணியரும் பேராசிரியரும் தோன்றினர். நாமும் அவ்வாறு வந்தவரே. பள்ளி தோட்டத்துரையின் கணக்கிலேயே இருந்திருப்பின், இப்பத்தியை எழுத நமக்கு எழுத்தறிவு கிட்டியிருக்குமோ என்பது ஐயமே.

1992 இல் தோட்டங்களின் நிருவாகம் மீண்டும் தனியார் கம்பனிகளிடம் சென்றது, பள்ளிகள் செல்லவில்லை. இது நம் நற்பேறு. எனினும் வணிகம் வேறொரு வாயில் வழியாக உள்ளே வந்தது. முன்னர் அது முதலாளியாக வந்தது. இப்போது விற்பனையாளனாக வந்துள்ளது. ஹட்டன் நகரின் மதில்களைப் பாருங்கள். பிரத்தியேக வகுப்புகளின் விளம்பரங்கள் ஒன்றன்மேல் ஒன்றாக ஒட்டப்பட்டிருக்கின்றன. ஐந்தாந் தரப் புலமைப் பரிசில் பரீட்சைக்காக, விளையாட வேண்டிய பருவத்துக் குழந்தை சனி ஞாயிறுகளிலும் புத்தக மூட்டை சுமக்கிறது. இதில் நம் கைகளும் தூய்மையானவை அல்ல. நாமும் சில ஆண்டுகள் மாலை வகுப்பு நடத்திப் பணம் பெற்றவரே.

சர்வதேசப் பாடசாலை எனப்படுவன வேறொரு விந்தை. ஐந்து வயது முதல் பதினான்கு வயது வரையுள்ள பிள்ளைகளுக்குப் புதிய தனியார் பள்ளி தொடங்குவதை 1961 ஆம் ஆண்டுச் சட்டம் தடுக்கிறது. ஆகவே இவை கம்பனிச் சட்டத்தின்கீழ் வணிக நிறுவனங்களாகப் பதிவு செய்யப்பட்டன. பிள்ளை படிக்கும் இடம் ஒரு கம்பனி. பெற்றோர் அதன் வாடிக்கையாளர். நல்ல பள்ளிகளும் அவற்றுள் உண்டு. பெயர்ப்பலகை மட்டுமே உள்ளனவும் உண்டு. எது எதுவென்று பிரித்தறியும் வழி ஏழைப் பெற்றோர்க்குத் துண்டுப் பிரசுரம் ஒன்றுதான்.

அரசாங்கப் பள்ளிகளுக்குள்ளும் தெரிவு என்பது எல்லோர்க்கும் சமமாக இல்லை. உயர்தர விஞ்ஞான வகுப்புள்ள பெரிய பள்ளி நகரத்திலே இருக்கிறது. தோட்டத்திலோ பெரும்பாலும் ஆரம்பப் பள்ளி அல்லது சாதாரண தரம் வரையுள்ள பள்ளி. முதலாந் தரச் சேர்க்கையில் பள்ளிக்கு அண்மையில் வசிப்போர்க்கு முன்னுரிமை உண்டு. வசிப்பதை மெய்ப்பிக்கக் காணி உறுதி முதலிய பத்திரங்களுக்குப் புள்ளி உண்டு. நான்கு தலைமுறையாக ஒரே லயத்தில் வாழ்பவரிடம் உறுதி ஏது? லயம் தோட்டத்தின் சொத்தல்லவா? கதவு எல்லோர்க்கும் திறந்திருப்பதாகச் சொல்கிறோம். அதனைக் கடக்க வேண்டிய சீட்டு சிலர் கையில் மாத்திரம் இருக்கிறது.

பெற்றோர் தாம் விரும்பிய பள்ளியைத் தெரிந்துகொள்ளட்டும், பள்ளிகள் போட்டியிட்டுத் திருந்தட்டும் என்னும் கொள்கை வெளிநாடுகளில் நெடுநாளாகப் பேசப்படுவது. அமெரிக்கப் பொருளியலறிஞர் மில்ட்டன் பிரீட்மன் 1955 இல் இதற்கொரு திட்டம் கூறினார். அரசாங்கம் பள்ளியை நடத்த வேண்டாம். பிள்ளைக்குரிய பணத்தைச் சீட்டாகப் பெற்றோர் கையிற் கொடுத்தால் அவர்கள் விரும்பிய இடத்திற் கல்வியை வாங்கிக்கொள்வர் என்பது அவர் வாதம். சிலி நாடு 1981 இல் இவ்வழியிற் சென்றது. வசதியுள்ள பிள்ளைகள் ஒரு பக்கமும் ஏழைப் பிள்ளைகள் மறுபக்கமும் ஒதுங்கினர். 2006 இலும் 2011 இலும் மாணவர்கள் திரண்டு வீதிக்கு வந்தனர். ஈற்றில் 2015 இல், அரசாங்கப் பணம் பெறும் பள்ளிகள் இலாபம் எடுப்பதையும் பிள்ளைகளைப் பொறுக்கியெடுத்துச் சேர்ப்பதையும் நீக்கும் சட்டம் அங்கே நிறைவேறிற்று. நம் தோட்டங்களுக்குப் பள்ளி கட்டித் தந்த சுவீடனும் 1992 இல் இத்தகைய சீட்டு முறையை ஏற்றது. அங்கே பள்ளி நடத்தும் கம்பனிகள் பங்குச் சந்தையிலும் இடம்பெற்றன. பிள்ளைக்கென்று மக்கள் கொடுத்த வரிப்பணம் பங்குதாரரின் இலாபமாவது தகுமோ என்ற விவாதம் அந்நாட்டில் இன்னும் ஓயவில்லை.

இக்கொள்கையின் குறையை நமக்குத் தெளிவாகக் காட்டியவர் ஆல்பேர்ட் ஹேர்ஷ்மன் என்னும் மற்றொரு பொருளியலறிஞர். 1970 இல் வெளிவந்த தமது நூலில் அவர் கூறிய கருத்தின் சாரம் இது: ஒன்று சீர்கெடும்போது மனிதர்க்கு இரு வழிகள் உண்டு, விலகிப் போவது ஒன்று, இருந்து குரல் கொடுப்பது மற்றொன்று. விலகிப் போகும் வழி எளிதானால், முதலில் விலகுபவர் தரத்தைப் பெரிதும் மதிப்பவரே. குரல் கொடுத்துத் திருத்த வல்லவரும் அவரே. அவர் போனபின் எஞ்சியவரின் குரல் எவர் செவியிலும் விழாது.

இதைப் படித்தபோது நம் மக்களின் வேன்தான் நம் கண்முன் நின்றது. நம் தோட்டப் பள்ளியிலிருந்து முதலிற் பிள்ளைகளை எடுத்தவர்கள் யாவர்? கணக்கப்பிள்ளை, கடைக்காரர், கொழும்பிலிருந்து பணம் வரும் குடும்பத்தார். அவர்களோடு ஆசிரியராகிய நாம். கணித ஆசிரியர் இடம் வெறுமையானால் வலயக் கல்விப் பணிமனைக்கு மனு எழுதத் தெரிந்தவர்கள் இவர்களே. இவர்கள் போயினர், மனுவும் நின்றது. மாணவர் தொகை குறைந்தது. தொகை குறையவே, ஆசிரியர் எதற்கு என்ற கேள்வி எழுந்தது. ஆசிரியர் குறைய, இன்னும் சிலர் பிள்ளைகளை எடுத்தனர். பள்ளி நன்றாயில்லை என்று நாம் விலகினோம். நாம் விலகியதாலும் அது நன்றாயில்லாமற் போயிற்று. தம் பிள்ளைக்கு நன்மை தேடிய எந்தப் பெற்றோரையும் குற்றவாளி என்று நாம் சொல்லோம். ஆனால் தனித்தனியே நல்லதென்று செய்த காரியம் சேர்ந்து ஒரு பள்ளியை மெலியச் செய்தது என்பதை மறைத்தல் தகாது.

இனிக் கம்பனிகளின் கொடை பற்றியும் ஒரு வார்த்தை. புத்தகப் பை, வர்ணம் பூசிய சுவர், கணினி என்று கொடுக்க வருவோர் உளர். பெறலாமா எனின், பெறலாம். பிள்ளையின் முதுகில் எந்தப் பெயர் எழுதப்படுகிறது என்பதை மட்டும் கவனிக்க வேண்டும். நியாய வணிக முத்திரை பெற்ற தேயிலைக்கு மேலதிகமாகக் கிடைக்கும் தொகையை எதற்குச் செலவிடுவது என்பதை, தொழிலாளரின் பிரதிநிதிகள் அமர்ந்த குழு தீர்மானிக்க வேண்டும் என்பது அவ்வணிகத்தின் விதி. அவ்விதி நல்ல முன்மாதிரி. கொடை பாடசாலை அபிவிருத்திச் சங்கத்தின் கைக்கு வரட்டும். செலவைச் சங்கம் தீர்மானிக்கட்டும். என்ன படிப்பிப்பது, யார் படிப்பிப்பது என்பவற்றிற் கொடையாளிக்கு இடம் வேண்டாம். 1907 இல் தொடங்கிய கதையை நாம் மறந்துவிடலாகாது.

நம்மைத் தேடி வந்த இருவருக்கும் இனி என்ன சொல்வது?

சில செய்திகளை அவர்கள் அறிந்தே தீர்மானிக்க வேண்டும். அப்பிரசுரத்துப் பள்ளியின் ஆசிரியர்கள் பயிற்சி பெற்றவர்களா என்று கேட்க வேண்டும். பிள்ளை இறுதியில் எந்தப் பரீட்சைக்குத் தோற்றும் என்று கேட்க வேண்டும். வெளிநாட்டுப் பரீட்சையானால், நம் பல்கலைக்கழகங்களின் வழமையான அனுமதி அதற்கு இல்லை. அது நாட்டின் உயர்தரப் பரீட்சையை வைத்தே நடைபெறுகிறது. பெரும்பாலான துறைகளில் நூற்றுக்கு 40 இடங்கள் அகில இலங்கைத் திறமைக்கும், 55 மாவட்டப் பங்கீட்டுக்கும், 5 பின்தங்கிய மாவட்டங்களுக்கும் உரியவை. நுவரெலியா அப்பின்தங்கிய மாவட்டங்களுள் ஒன்று. தோட்டத்துப் பிள்ளைக்குள்ள இந்த வாயிலை அறியாமல் அடைத்துவிடலாகாது. மூன்றாம் ஆண்டிற் கட்டணம் கட்ட முடியாமற் போனால், பாதி ஆங்கிலமும் பாதித் தமிழுமாகப் பிள்ளை நடுவே நிற்கும் நிலையையும் எண்ண வேண்டும். குழந்தை முதலில் தாய்மொழியிற் கற்பதே நன்று என்று ஐக்கிய நாடுகளின் கல்வி நிறுவனமாகிய யுனெஸ்கோ 1953 ஆம் ஆண்டிலேயே அறிக்கை வெளியிட்டது. வீட்டில் இருவரும் தமிழே அறிந்திருக்க, ஆறு வயதுக் குழந்தையின் பாடத்தில் உதவுவார் யார்?

ஆகவே ஐந்தாந் தரம் வரையிலேனும் தோட்டத்துப் பள்ளியில் விடுவதே தக்கது என்பது நம் கருத்து. சங்கிலி கழுத்திலேயே இருக்கட்டும், சீட்டும் தொடரட்டும், அப்பணம் மேல்வகுப்புக்கு உதவும்.

ஆயினும் இது பாதி விடையே. ஆங்கில ஆசிரியர் இல்லாத பள்ளியிற் பிள்ளையை விடுங்கள் என்று, வேனில் தம் மக்களை அனுப்புகிற ஒருவர் சொன்னால் அச்சொல்லுக்கு என்ன மதிப்பு? பாடசாலை அபிவிருத்திச் சங்கத்திற் பெற்றோர் மட்டுமன்றிப் பழைய மாணவரும் நலன் விரும்பிகளும் சேரலாம். நாம் அப்பள்ளியின் பழைய மாணவர். இருபத்தைந்து ஆண்டுகளில் ஒரு கூட்டத்துக்கேனும் சென்றதில்லை. வரும் சனிக்கிழமை அங்கே கூட்டம் என்று அறிகிறோம். ஆங்கில ஆசிரியரைக் கேட்டு வலயப் பணிமனைக்கு எழுத வேண்டிய மனுவை நாமே வரைந்து வைத்திருக்கிறோம். அதிற் பெற்றோரின் கையொப்பங்கள் வேண்டும். ஆசிரியர் வரும்வரை சனிக்கிழமைகளில் நாம் சென்று கட்டணமின்றி ஆங்கிலம் சொல்லிக் கொடுக்கவும் எண்ணியுள்ளோம்.

இன்று மாலை அவ்விருவரும் மீண்டும் வருவர். மேலே எழுதியவற்றைச் சொல்வோம்; மனுவையும் காட்டுவோம். அந்த அம்மையார் அதை ஏற்பாரோ, நம் சனிக்கிழமைகள் எத்தனை வாரம் நீடிக்கின்றன என்று பார்த்துவிட்டுத்தான் நம்புவாரோ, நாம் அறியோம். பார்த்துவிட்டே நம்பட்டும், அதுதான் முறை.